ஏழு கையெழுத்தும் ஒரு வங்கிக் கிளையும்

டெல்லியில் ஒரு சங்கம் தொடங்க ஏழு பேர் போதும். நோக்கங்களை எழுதி, விதிமுறைகளை இணைத்து, ஏழு பேரும் கையெழுத்திட்டுப் பதிவாளரிடம் கொடுத்துவிட்டால் சட்டத்தின் கண்ணில் சங்கம் பிறந்துவிடும். இதற்கு வழிசெய்வது 1860ஆம் ஆண்டின் 21ஆவது சட்டம். 1857 கிளர்ச்சியை அடக்கிவிட்டு, பழைய டெல்லியில் வீடுகளையும் கடைகளையும் இடித்துத் தள்ளிக்கொண்டிருந்த அதே அரசுதான் இதையும் இயற்றியது. தமிழ்நாடு 1975இல் தனக்கென்று ஒரு சங்கப் பதிவுச் சட்டம் கொண்டுவந்துவிட்டது. தலைநகரில் இன்றைக்கும் 1860தான்.

அதே காலத்து ரஷ்யாவில் இது நினைத்துப் பார்க்க முடியாத சலுகை. ஜார் ஆட்சியில் ஒரு வாசிப்புக் கழகம் தொடங்குவதானாலும் விதிமுறைகளை அமைச்சகத்துக்கு அனுப்பிவிட்டு ஒப்புதலுக்குக் காத்திருக்க வேண்டும். 1905 புரட்சிக்குப் பிறகு, 1906 மார்ச் 4 அன்று வெளியான தற்காலிக விதிகள்தான் பதிவு செய்தால் போதும் என்ற நிலையைக் கொண்டுவந்தன. அப்படிப் பதிவான சங்கத்தையும் பொது அமைதிக்கு ஆபத்து என்று சொல்லி மூடும் வழி அதிகாரிகள் கையில் இருந்தது.

இதை வைத்து டெல்லிக்காரர் மாஸ்கோக்காரரைவிடச் சுதந்திரமாக இருந்தார் என்று சொல்லிவிட முடியுமா? ரஷ்ய மாகாணங்களில் 1864 முதல் செம்ஸ்துவோ என்ற தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றங்கள் இருந்தன. பள்ளியும் மருத்துவமனையும் சாலையும் அவற்றின் பொறுப்பு. டெல்லிக்கு 1863இல் நகராட்சிக் குழு வந்தபோது அதன் உறுப்பினர்களை நியமித்தது அரசு அதிகாரி. ஆகவே சங்கம் தொடங்குவது எவ்வளவு சுலபம் என்பது பெரிய கேள்வியே அல்ல. தொடங்கிய பிறகு அரசு அதை எப்படி நடத்துகிறது, எதைக் கொடுத்து எதை வாங்குகிறது என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

ரஷ்யாவைப் பற்றி நெடுங்காலம் சொல்லப்பட்டு வந்தது இதுதான்: மேலே ஜார், கீழே விவசாயி, நடுவில் ஒன்றுமில்லை. வரலாற்றாய்வாளர் ஜோசப் பிராட்லி 2009இல் வெளியிட்ட நூல் இதை மறுத்தது. கேத்தரீன் காலத்தில், 1765இல் தொடங்கிய சுதந்திரப் பொருளாதாரக் கழகம், 1845இன் புவியியல் கழகம், 1866இன் தொழில்நுட்பக் கழகம் என்று நடுவில் நிறையவே இருந்தன. அரசு அவற்றை வளர்த்தது, பயன்படுத்திக்கொண்டது, பிறகு அவை அளவுக்கு மீறிப் பேசுவதாக நினைத்துப் பயந்தது. எடுத்துக்காட்டாக, எழுத்தறிவுக் குழுக்கள் கிராமப் பள்ளிகளுக்குப் புத்தகம் அனுப்பிக்கொண்டிருந்தவை. 1890களின் நடுவில் அரசு அவற்றைக் கல்வி அமைச்சகத்தின்கீழ் கொண்டுபோனது. உறுப்பினர்கள் பலர் விலகினார்கள். தடை என்ற சொல்லே தேவைப்படவில்லை. பொறுப்பாளர் மாறினார், அவ்வளவுதான்.

டெல்லியின் சங்க வரலாறும் அரசின் மடியிலிருந்தே தொடங்குகிறது. 1840களில் டெல்லிக் கல்லூரியைச் சுற்றி உருவான மொழிபெயர்ப்புக் கழகம் கணிதம், அறிவியல், சட்ட நூல்களை உருதுவுக்குக் கொண்டுவந்தது. கல்லூரியின் ஐரோப்பிய முதல்வர்கள் அதை நடத்தினார்கள். 1847இல் டெல்லித் தொல்லியல் கழகம் பிறந்தது. அதே ஆண்டில்தான் சையத் அகமது கான் நகரின் கட்டடங்களைப் பற்றிய தமது பெரிய உருது நூலை வெளியிட்டார். பத்தாண்டுக்குள் கிளர்ச்சி வந்து கல்லூரியைச் சூறையாடியது. 1865இல் அதிகாரிகளின் ஆதரவோடு டெல்லி சொசைட்டி தொடங்கியபோது, நண்பர்களையும் நகரையும் இழந்து நொந்துபோயிருந்த கவிஞர் மிர்ஸா காலிப்பும் அதில் உறுப்பினரானார். வெள்ளைக்கார அதிகாரியின் தயவில் நடந்த கூட்டம் என்று இவற்றைத் தள்ளிவிடுகிறவர்கள் உண்டு. நான் அப்படி நினைக்கவில்லை. எரிந்த நகரில் இந்துவும் முஸ்லிமும் ஒரே அறையில் உட்கார்ந்து கட்டுரை வாசிக்க வேறு இடம் எது இருந்தது? ஆனால் அந்த அறையில் எதைப் பேசக் கூடாது என்பது எல்லாருக்கும் தெரிந்திருந்தது.

அந்த எல்லையை மீறிப் பேசியவர்களுக்காக 1908இல் குற்றவியல் சட்டத் திருத்தச் சட்டம் வந்தது. ரஷ்யா சங்கங்களுக்குக் கதவைச் சற்றே திறந்த இரண்டாவது ஆண்டில் இந்தியாவில் பூட்டுத் தயாரானது என்பது கவனிக்கத்தக்கது. ஒரு சங்கத்தைச் சட்டவிரோதமானது என்று அறிவித்துவிட்டால் அதில் உறுப்பினராக இருப்பதே குற்றம். முதலில் வங்காளத்தின் சமிதிகள் என்ற புரட்சிக் குழுக்கள் மாட்டின. 1932இல் காங்கிரசே மாட்டியது. அந்த ஏப்ரலில் காங்கிரஸ் மாநாட்டைத் தடையை மீறிச் சாந்தினி சௌக் மணிக்கூண்டருகே கூட்டினார்கள். தலைவராக அறிவிக்கப்பட்ட மதன் மோகன் மாளவியா வழியிலேயே கைதானதால் ரஞ்சோட்லால் அம்ரித்லால் தலைமை ஏற்றார். போலீஸ் வந்து சேர்வதற்குள் தீர்மானங்களை வாசித்து முடித்த மாநாடு அது.

சுதந்திரம் வந்தது, 1908 சட்டம் போகவில்லை. இந்த இடத்தில் கதை சென்னைக்கு வருகிறது. வி.ஜி. ராவ் என்ற வழக்கறிஞர் பொதுச்செயலாளராக இருந்த மக்கள் கல்விக் கழகம், 1860 சட்டத்தின்கீழ் பதிவான சங்கம். 1950 மார்ச்சில் சென்னை மாநில அரசு அதைச் சட்டவிரோதமானது என்று அறிவித்தது. அரசமைப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை. ராவ் உயர் நீதிமன்றம் போய் வென்றார். அரசு டெல்லிக்கு மேல்முறையீடு செய்தது. 1952 மார்ச் 31 அன்று, சென்னையிலேயே வழக்கறிஞராக இருந்து தலைமை நீதிபதியான பதஞ்சலி சாஸ்திரி உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்பை எழுதினார். 1908 சட்டத்தின்படி அரசு தன் கருத்தை அரசிதழில் அச்சிட்டாலே போதும். சங்கத்தாருக்கு நேரில் தெரிவிக்க வேண்டியதில்லை. காரணம் சரியா என்று பார்க்க ஓர் ஆலோசனைக் குழு உண்டு, நீதிமன்றம் இல்லை. சங்கம் சேரும் உரிமையைப் பறிக்க இது போதாது என்றது தீர்ப்பு. அடிப்படை உரிமைமீதான கட்டுப்பாடு நியாயமானதா என்று எப்படி அளப்பது என்ற கேள்விக்கு இன்றும் வழக்கறிஞர்கள் முதலில் எடுத்துக்காட்டுவது இந்தத் தீர்ப்பைத்தான். 1967இன் சட்டவிரோதச் செயல்கள் தடுப்புச் சட்டத்தில், தடையை உயர் நீதிமன்ற நீதிபதி ஒருவரின் தீர்ப்பாயம் உறுதி செய்ய வேண்டும் என்ற ஏற்பாடு இருப்பதற்குப் பின்னாலும் இதன் நிழல் தெரிகிறது.

தடை செய்வது இப்படிக் கடினமானதும் அரசின் பார்வை பணத்தின் பக்கம் திரும்பியது. நெருக்கடிநிலை அறிவிக்கப்பட்ட 1975 ஜூன் 25 நள்ளிரவில் எதிர்ப்பியக்கத் தலைவர் ஜெயப்பிரகாஷ் நாராயண் கைதானது டெல்லி காந்தி அமைதி நிறுவனத்தில். அடுத்த ஆண்டே, நெருக்கடிநிலைக்கு நடுவில், வெளிநாட்டு நன்கொடை ஒழுங்குமுறைச் சட்டம் நிறைவேறியது. 1982இல் அதே காந்தி அமைதி நிறுவனத்தையும் சர்வ சேவா சங்கத்தையும் வேறு சில அமைப்புகளையும் விசாரிக்கக் குடால் ஆணையம் அமைக்கப்பட்டது. பல ஆண்டுகள் கணக்குப் புத்தகங்களைப் புரட்டினார்கள். அந்த ஆண்டுகள் முழுவதும் காந்தியர்கள் வேறு வேலை பார்க்க முடியாமல் பதில் எழுதிக்கொண்டிருந்தார்கள். விசாரணையின் முடிவு என்னவாக இருந்தாலும், நடந்துகொண்டிருக்கும்போதே அது தன் வேலையைச் செய்துவிடும் என்பதை அரசு அப்போது கற்றுக்கொண்டது என்றே தோன்றுகிறது.

2010இல் வெளிநாட்டு நன்கொடைச் சட்டம் புதிதாக எழுதப்பட்டது. ஐந்தாண்டுக்கு ஒருமுறை பதிவைப் புதுப்பிக்க வேண்டும். 2020 செப்டம்பர் திருத்தம் இன்னும் இறுக்கியது. நிர்வாகச் செலவின் உச்சவரம்பு 50 சதவீதத்திலிருந்து 20க்கு இறங்கியது. ஓர் அமைப்பு வாங்கிய வெளிநாட்டுப் பணத்தை இன்னொரு சிறிய அமைப்புக்குக் கொடுப்பது அறவே நின்றது. எல்லாவற்றுக்கும் மேலாக, இந்தியாவில் எந்த மூலையில் இருக்கும் சங்கமானாலும் வெளிநாட்டு நன்கொடையைப் பெறும் கணக்கை டெல்லி நாடாளுமன்ற வீதியிலுள்ள பாரத ஸ்டேட் வங்கியின் ஒரே கிளையில்தான் வைத்திருக்க வேண்டும். கன்னியாகுமரிக் கடற்கரையில் மீனவர் பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்துகிறவருக்கும் அந்தக் கிளைதான். 2022 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் இந்தத் திருத்தங்களை ஏற்றது. வெளிநாட்டு நன்கொடை பெறுவது யாருக்கும் அறுதியான உரிமையல்ல என்பது அதன் வாதம். அதற்கு இரண்டாண்டு முன்னால், 2020 மார்ச்சில், கடையடைப்பு, மறியல் போன்றவற்றில் ஈடுபடும் சங்கத்தை அரசியல் தன்மையுடையது என்று முத்திரை குத்தி நன்கொடையை நிறுத்தும் விதியை அதே நீதிமன்றம் சுருக்கியிருந்தது. கட்சி அரசியல் நோக்கம் இல்லாத சங்கத்துக்கு அது பொருந்தாது என்றது. இரண்டு தீர்ப்புகளையும் அடுத்தடுத்துப் படித்தால் ஒன்று புரியும். கொள்கையளவில் சங்கத்துக்கு இடம் உண்டு. நடைமுறையில் கணக்கு எண் வேண்டும். 1973இல் தொடங்கி, பல அரசுகளுக்கு ஆய்வறிக்கை தந்துவந்த சாணக்கியபுரியின் கொள்கை ஆராய்ச்சி மையம் 2024 ஜனவரியில் வெளிநாட்டு நன்கொடைப் பதிவை இழந்தது. யாரும் அதைத் தடை செய்யவில்லை. ஊழியர்களுக்குச் சம்பளம் கொடுப்பதுதான் பெரும்பாடானது.

இது இறுக்கும் கை. அரவணைக்கும் கை இன்னொன்று, அதைப் பற்றி நாம் குறைவாகப் பேசுகிறோம்.

2000 ஜனவரியில் ஷீலா தீட்சித் அரசு பாகீதாரித் திட்டத்தைத் தொடங்கியது. குடியிருப்போர் நலச் சங்கங்கள், ஊர்வாய்க்கு ஆர்.டபிள்யூ.ஏ., பயிலரங்குகளுக்கு அழைக்கப்பட்டன. ஒரே மேசையில் காலனிச் செயலாளரும் குடிநீர் வாரியப் பொறியாளரும் போலீஸ் அதிகாரியும் நகராட்சிக்காரரும் உட்கார்ந்து குழாயையும் குப்பையையும் பேசினார்கள். அதுவரை கவுன்சிலர் வீட்டு வாசலில் நின்றவர்களுக்கு அதிகாரியின் கைபேசி எண் கிடைத்தது. 2005இல் ஐ.நா. பொதுச்சேவை விருதும் வந்தது. அழைக்கப்பட்டவை பெரும்பாலும் திட்டமிட்டுக் கட்டப்பட்ட, பட்டா உள்ள காலனிகளின் சங்கங்கள். ஜுக்கி எனப்படும் குடிசைகளில் வாழ்ந்த லட்சக்கணக்கானோருக்கு அந்த மேசையில் நாற்காலி இல்லை. ஆஷர் கெர்ட்னர் என்ற ஆய்வாளர் இதைக் கூர்மையாகச் சொன்னார்: நகரம் மட்டுமல்ல, அரசே மேட்டுக்குடிமயமாகிவிட்டது. கவுன்சிலர் வழியாகப் போய்க்கொண்டிருந்த ஏழையின் குரலுக்குப் பக்கத்திலேயே, வாக்குக்குத் தேவையில்லாத இன்னொரு பாதை பணக்காரருக்குத் திறந்துவிடப்பட்டது.

தெற்கு டெல்லிக் காலனி எதிலும் அந்தப் பாதையின் அடையாளத்தைப் பார்க்கலாம். பொதுச்சாலையின் குறுக்கே இரும்பு கேட். பக்கத்தில் பிளாஸ்டிக் நாற்காலியில் காவலாளி, அவர் மடியில் நோட்டு. வீட்டுவேலைக்கு வரும் பெண் தினமும் அதில் பெயர் எழுத வேண்டும். அவருடைய போலீஸ் சரிபார்ப்புத் தாள் சங்க அலுவலகத்தில் இருக்கும். இரவு பதினொரு மணிக்கு நான்கில் மூன்று கேட் பூட்டப்படும். சாலை நகராட்சியுடையது, கேட் சங்கத்துடையது. யார் அனுமதித்தார்கள் என்று கேட்டால் இருவரும் ஒருவரையொருவர் காட்டுவார்கள். காலனிகளின் சங்கங்கள் பக்கத்துக் குடிசைகளை அகற்றக் கோரி நீதிமன்றமும் போயின. 2000த்தில் உச்ச நீதிமன்றமே, ஆக்கிரமித்தவருக்கு இலவசமாக மாற்றிடம் தருவது பிக்பாக்கெட்டுக்குப் பரிசு கொடுப்பது போல என்று ஒரு தீர்ப்பில் சொல்லியிருந்தது. 2004இல் யமுனைக் கரையின் புஷ்தா குடிசைகள் இடிக்கப்பட்டுப் பல்லாயிரம் குடும்பங்கள் பவானாவுக்கும் ஹோலம்பி கலானுக்கும் தள்ளப்பட்டன.

ஆனால் இந்தச் சங்கங்களை அரசின் கைப்பிள்ளைகள் என்று முடித்துவிடவும் முடியாது. 2005இல் மின்கட்டணம் 10 சதவீதம் ஏறியபோது அதே ஆர்.டபிள்யூ.ஏ.க்கள் கூடுதல் தொகையைக் கட்ட மாட்டோம் என்று நின்றன. அரசு பின்வாங்க வேண்டியதாயிற்று. மேசைக்கு அழைத்துப் பழக்கிய அரசுக்கு, அழைக்கப்பட்டவர்கள் ஒருவரையொருவர் அறிமுகம் செய்துகொள்வார்கள் என்பது அப்போதுதான் உறைத்திருக்கும்.

அரசியல் ஆய்வாளர் பார்த்தா சாட்டர்ஜி இதற்கு ஒரு சட்டகம் கொடுத்தார். உரிமை பேசும் குடிமைச் சமூகம் ஒரு சிறு வட்டம். மற்றவர்கள் ரேஷன் அட்டை, வாக்காளர் அட்டை, உள்ளூர்த் தலைவர் என்று பேரம் பேசிப் பிழைக்கும் அரசியல் சமூகம் என்றார். டெல்லித் தமிழர்களைப் பார்த்தால் இந்தப் பிளவு முகத்தில் அடிக்கும். அரசு எழுத்தர்களாகவும் அதிகாரிகளாகவும் வந்தவர்கள் 1923இலேயே கல்விக் கழகம் கண்டு பள்ளிகளை நடத்தினார்கள். 1946இல் தமிழ்ச் சங்கம் அமைத்தார்கள். ராமகிருஷ்ணபுரத்தில் அதன் கட்டடம் இருக்கும் வீதிக்கே சங்கத்தின் பெயர். அரசிடம் மனு கொடுக்க அவர்கள் வெளியே போக வேண்டியிருக்கவில்லை, உறுப்பினர்களில் பலர் அரசு அலுவலகத்தில்தான் உட்கார்ந்திருந்தார்கள். தென்மாவட்டங்களிலிருந்தும் காவிரிக்கரையிலிருந்தும் கூலிவேலைக்கு வந்தவர்கள் ஜங்புராவில் பாராபுல்லா வடிகாலோரம் மதராசி கேம்ப்பில் குடியேறினார்கள். வாக்காளர் அட்டை இருந்தது, ரேஷன் அட்டை இருந்தது, பிள்ளைகள் லோதி எஸ்டேட் தமிழ்ப் பள்ளிக்குப் போனார்கள். வடிகாலைத் தூர்வார வேண்டும் என்று உயர் நீதிமன்றம் உத்தரவிட, 2025 ஜூன் 1 அன்று சுமார் 370 வீடுகளும் இடிக்கப்பட்டன. நகரின் வடகோடி நரேலாவில் மாற்று வீட்டுக்குத் தகுதி எல்லாருக்கும் இல்லை. அரை நூற்றாண்டு சேர்த்துவைத்த அட்டைகள் எவ்வளவு தூரம் காப்பாற்றும் என்ற கேள்விக்கு அன்றைய புல்டோசர் ஒரு பதில் சொன்னது. சாட்டர்ஜியின் சட்டகத்தில் நான் குறையாகக் காண்பது இதைத்தான். பேரம் பேசுகிறவருக்கு ஏதோ கொஞ்சம் பலம் இருப்பதாக அது நம்புகிறது. நீதிமன்றத்துக்கு வாக்கு வேண்டியதில்லை.

மேசைக்கும் அழைக்கப்படாமல், நன்கொடைக் கணக்கும் இல்லாமல் இயங்கிய மூன்றாவது வகைச் சங்கங்கள் டெல்லியில் உண்டு. என் கணிப்பில் அரசை மெய்யாகவே அசைத்தவை இவையே. ஆசிய விளையாட்டுக்காக மைதானங்கள் கட்டப்பட்ட நாளில், ஜனநாயக உரிமைகளுக்கான மக்கள் சங்கம், பி.யூ.டி.ஆர்., மூன்று சமூக ஆய்வாளர்களைக் கட்டுமானத் தளங்களுக்கு அனுப்பியது. அவர்களுடைய அறிக்கையோடு நீதிபதி பகவதிக்கு ஒரு கடிதம் போனது, கடிதமே வழக்கானது. குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே கொடுத்து வேலை வாங்குவது கட்டாய உழைப்பு என்று 1982 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 1984 நவம்பரில் சீக்கியர்கள் கொல்லப்பட்டபோது இதே அமைப்பும் மக்கள் குடிமை உரிமைக் கழகமும் (பி.யூ.சி.எல்.) முகாம் முகாமாகப் போய்க் கேட்டெழுதி, அந்த மாதமே, குற்றவாளிகள் யார் என்று கேட்கும் தலைப்பில் ஒரு சிறு வெளியீடு கொண்டுவந்தன. கட்சிக்காரர்கள், போலீஸ்காரர்கள் பெயர்கள் அதில் இருந்தன. அரசு ஆணையம் அமைக்கவே அடுத்த ஆண்டாயிற்று. 1981இல் தொடங்கிய சஹேலி என்ற பெண்கள் அமைப்பு இன்றும் டிஃபென்ஸ் காலனி மேம்பாலத்துக் கடைகளுக்கு மேலே, தலைக்குமேல் வண்டிகள் உறுமும் அறையில் கூடுகிறது. நிறுவன நிதி வாங்குவதில்லை என்பது அதன் பிடிவாதம்.

டெல்லியின் சுந்தர் நக்ரியில் பரிவர்த்தன் என்ற அமைப்பு செய்ததும் இந்த ரகமே. டெல்லியின் 2001 தகவல் உரிமைச் சட்டத்தைக் கொண்டு நகராட்சிப் பணிகளின் ஒப்பந்த நகல்களை வாங்கினார்கள். 2002 டிசம்பரில் தெருவில் பந்தல் போட்டு, எந்தத் தெருவில் எத்தனை அடி சாலை, எத்தனை கைப்பம்பு, எத்தனை வடிகால் மூடி என்று வாசித்தார்கள். அந்தத் தெருக்காரர் எழுந்து, அப்படி ஒன்று இங்கே இல்லையே என்பார். ஆய்வு செய்த 68 பணிகளில் 64இல் முறைகேடு தெரிந்தது. 2005இல் இதே வழியில் பல ஆயிரம் பக்கங்களைப் பெற்று, உலக வங்கியோடு பேசிக்கொண்டிருந்த குடிநீர்த் திட்டத்தை அம்பலப்படுத்தினார்கள். அரசு திட்டத்தைக் கைவிட்டது. பரிவர்த்தனை நடத்திய அரவிந்த் கெஜ்ரிவால் 2013இல் முதலமைச்சரானது எல்லாரும் அறிந்தது. பகுதிவாசிகள் கூடும் மொகல்லா சபைகளுக்கு அதிகாரம் தருவோம் என்ற பேச்சு, ஆட்சி முடிந்த 2025வரை பேச்சின் அளவுக்கு வேர்பிடிக்கவில்லை. சங்கத்துக்காரர் அரசானால் சங்கங்களுக்கு நல்ல காலம் என்ற நம்பிக்கையை டெல்லி சோதித்துப் பார்த்துவிட்டது.

இந்த மூன்றாவது வகைக்கு ஒரு விலையும் உண்டு. பஸ் கட்டணமும் தாளும் இருந்தால் உண்மை அறியும் குழு நடத்தலாம். ஐந்நூறு பிள்ளைகளுக்கு மதிய உணவோடு பள்ளி நடத்த முடியாது. சேவைக்குப் பணம் வேண்டும், பணத்தோடு நாடாளுமன்ற வீதியும் வரும்.

பணத்தையும் சுதந்திரத்தையும் சேர்த்துப் பிடித்தவர்களாக நான் பார்ப்பது விவசாயச் சங்கங்களை. கூடி நிற்க இடம் தருவதும் மறுப்பதும் டெல்லியில் அரசின் பழைய கலை. போட் கிளப் புல்வெளி 1990களில் போராட்டங்களுக்கு மூடப்பட்டது, ஜந்தர் மந்தர் ஒதுக்கப்பட்டது. 2017இல் அய்யாக்கண்ணு தலைமையில் காவிரிப் படுகை விவசாயிகள் மண்டையோடுகளோடு உட்கார்ந்த இடம் அது. அந்த அக்டோபரிலேயே பசுமைத் தீர்ப்பாயம் சத்தத்தைக் காரணம் காட்டி அங்கே போராட்டங்களை நிறுத்தியது. உச்ச நீதிமன்றம் 2018இல்தான், கட்டுப்பாடுகளோடு, மீண்டும் அனுமதித்தது. 2020 நவம்பரில், புதிய மூன்று வேளாண் சட்டங்களை எதிர்த்து வந்த பஞ்சாப், ஹரியானா, உத்தரப் பிரதேசச் சங்கங்கள் நகருக்குள் விடப்படாமல் சிங்கு, டிக்ரி, காஜிப்பூர் எல்லைகளில் தங்கின, ஓராண்டுக்கும் மேல். அந்த டிசம்பரில் மோகா மாவட்டத்து வங்கிக் கிளை ஒன்று பாரதிய கிசான் யூனியனின் உக்ரஹான் பிரிவிடம், வெளிநாட்டுப் பஞ்சாபியர் அனுப்பும் பணத்துக்கு நன்கொடைச் சட்டப் பதிவு உண்டா என்று கேட்டது. பதிவு இல்லை. ஆனால் எல்லையில் எரிந்த அடுப்புகளுக்கு மாவும் பருப்பும் டீசலும் ஊர்களில் ஏக்கருக்கு இவ்வளவு என்று பிரித்த வசூலில் வந்துகொண்டிருந்தன. அந்த வசூல் எந்தக் கிளையையும் கடந்து போக வேண்டியிருக்கவில்லை. 2021 நவம்பரில் மூன்று வேளாண் சட்டங்களும் திரும்பப் பெறப்பட்டன.